ஆல்ட்டோக்காரி மகள்

அம்மா இன்னும் முன்னுரைக்குக்கூட வந்து சேரவில்லை. கடைசி வரிசையில், ஓடாத மின்விசிறிக்கு நேர் கீழே, மடியில் கைப்பையையும் கைப்பைமேல் புத்தகத்தையும் வைத்துக்கொண்டு, அச்சகத்தின் பெயரும் விலையும் போட்டிருக்கிற பக்கத்தை வரிவரியாகப் படித்துக்கொண்டிருந்தாள், யாருமே படிக்காத அந்தப் பக்கத்தை. படித்து முடித்ததும் வலது ஆள்காட்டி விரல் பக்கவாட்டில் கொஞ்சம் துழாவியது. தபால் ஆபீஸ் கவுண்டரில் காலமெல்லாம் கைக்கெட்டுகிற இடத்தில் இருந்த ஈரப்பஞ்சுக் கிண்ணத்தை அது இன்னும் தேடுகிறது. அம்மா ஓய்வு பெற்றது விரலுக்குத் தெரியாது. கிண்ணம் இல்லை என்றானதும் அது வெறுமனே வந்து தாளைத் திருப்பியது. இரண்டாவது வரிசை ஓர நாற்காலியிலிருந்து அதைப் பார்த்துக்கொண்டிருந்த பெர்சிஸ் முகத்தை மேடைப்பக்கம் திருப்பிக்கொண்டாள். மேடையில் யாருக்கோ பொன்னாடை போர்த்தினார்கள். போர்த்தியவருக்கு இன்னொருவர் போர்த்தினார். பின்னால் தொங்கிய பதாகையில் ‘ஓபரா: கேட்கப் பழகுவோம்’, அதன்கீழ் முனைவர் ஆபிரகாம் தங்கையா, நூல் வெளியீட்டு விழா. அதில் தங்கையா சாரின் படம் ஆள் உயரத்துக்கு இருந்தது, கன்னத்தில் கை வைத்து எதையோ கேட்கிற மாதிரி. எதைக் கேட்கிறார்? ஒரு ஓபராவையாவது முழுசாக உட்கார்ந்து கேட்டிருப்பாரா? வேண்டாம், அந்தப் பக்கம் போக வேண்டாம், போனால் திரும்பி வர முடியாது. மடியில் நன்றியுரைத் தாள் இருந்தது. சார் பார்த்துத் திருத்திக் கொடுத்த தாள். துணைவேந்தரில் தொடங்கி ஒலிபெருக்கி அமைத்தவரில் முடிகிறது. அதற்கு எவ்வளவு நேரம் இருக்கிறது, சிறப்பு விருந்தினர் பேசி முடிக்கும் நேரம். அம்மா முதல் அத்தியாயத்துக்கு வந்து சேர எவ்வளவு நேரம் இருக்கிறது, அதுவும் ஏறக்குறைய அவ்வளவுதான். காலையில் பாளையங்கோட்டையிலிருந்து வந்து இறங்கியவள் வாசலில் வைத்தே கேட்டுவிட்டாள், அட்டையை வெளிச்சத்துக்குத் தூக்கிப் பிடித்து, “ஏட்டி பெர்சி, இதுல ஒம் பேரு எங்க இருக்கு?” “உள்ள இருக்கும்மா,” என்று இவள் சொல்லியிருந்தாள். அதனால்தான் அம்மா ஒரு பக்கம் விடாமல் தேடிக்கொண்டிருக்கிறாள்.

உள்ளே இருக்கிறது, அது பொய்யில்லை. உள்ளே இருப்பதெல்லாம் அவள்தான். அதை யாரிடம் போய் எப்படி நிரூபிப்பது என்பது வேறு கேள்வி, ஆனால் நிரூபிக்க முடியாததாலேயே ஒன்று இல்லாமல் போய்விடாது, இது தர்க்கத்தின் முதல் பாடம், இதைச் சொல்லிக்கொடுத்ததே தங்கையா சார்தான், முதல் செமஸ்டரில். மூன்று வருஷத்துக்கு முன்னால் அவர் அலமாரியைத் திறந்து மேற்கத்திய இசைநாடகமான ஓபராவைப் பற்றிய ஆங்கிலப் புத்தகங்களைக் கட்டாக எடுத்து அவள் கையில் வைத்தபோது தூசியில் இரண்டு பேருமே தும்மினார்கள். “தமிழ்ல ஒரு அறிமுக நூல் இல்லம்மா. துறை செய்யணும். நீ படிச்சு ஒரு வரைவு போட்டுக் குடு.” அவள் படித்தாள். படிக்கப் படிக்க ஒவ்வொரு புத்தகத்தோடும் சண்டை வந்தது. எல்லாம் டிக்கெட் கையில் வைத்திருப்பவனுக்காக எழுதப்பட்டவை. என்ன உடுத்துவது, எங்கே கைதட்டினால் மானம் போகும், இடைவேளையில் என்ன குடிப்பது. அப்புறம் கதைச் சுருக்கம், பக்கம் பக்கமாக. கதையில் என்ன இருக்கிறது, ஒருத்தன் ஒருத்தியை நேசிக்கிறான், இன்னொருத்தன் குறுக்கே வருகிறான், கடைசியில் அவள் செத்துப்போகிறாள், எப்போதும் அவள்தான் சாகிறாள், அதுவும் பாடிக்கொண்டே. பெண்கள் விடுதி மொட்டைமாடியில் தண்ணீர்த் தொட்டிக்குப் பக்கத்தில், வலது காது செத்துப்போன இயர்போனில், இடது காதால் மட்டும் கேட்கிறவளுக்கு இந்தப் புத்தகங்களில் ஒரு வரியும் இல்லை. பாதிக் காதில் பாதி வாத்தியம்தான் வந்தது. வயலின்கள் வரும், பித்தளை ஊதுகுழல்கள் எங்கோ சுவருக்கு அப்பால் போய்விடும். அப்படியும் ஒருநாள் அது நடந்தது. ஒரு ஓபராவில் தகப்பனும் மகளும் வேலைக்காரியும் மகளைக் கட்டிக்கொள்ள வந்தவனும் ஒரே சமயத்தில் பாடுகிற இடம். நாலு பேரும் நாலு வேறு வார்த்தை, நாலு வேறு கோபம். பேச்சில் நாலு பேர் ஒரே நேரத்தில் வாயைத் திறந்தால் அது குழாயடி. யாருக்கும் யாரும் காது கொடுப்பதில்லை, சத்தமுள்ளவன் ஜெயிப்பான். இங்கே நாலும் கேட்டது. ஒருத்தர் குரலை ஒருத்தர் மிதிக்காமல் நாலு வாதமும் முழுசாக நின்றது. பட்டிமன்றத்தில் தொண்டை கிழியக் கத்திப் பரிசு வாங்கின பெண்ணுக்கு, இப்படியும் ஒரு சண்டை போடலாம் என்று அதுவரை யாரும் சொல்லவில்லை. இன்னொரு தடவை போட்டுக் கேட்டபோது தன் காது நேராக வேலைக்காரியின் கீழ்க்குரலிடம் போய் ஒட்டிக்கொண்டதைக் கவனித்தாள். ஏன் அங்கே போனது? அது அவளுக்கு ரொம்ப நாளாகத் தெரிந்த இடம்.

முன்வரிசைக்காரர்கள் கைதட்டினார்கள். சிறப்பு விருந்தினர் ஒலிவாங்கிக்கு வந்துவிட்டார். மாணிக்கவாசகம், ஓய்வுபெற்ற அரசுச் செயலர், ஐரோப்பாவுக்கு அரசு செலவில் போய் வந்தவர் என்பதை அழைப்பிதழில் வேறு விதமாகப் போட்டிருந்தார்கள். பக்கத்து நாற்காலியில் யாஸ்மின் கொட்டாவியை முழங்கைக்குள் மறைத்தாள். அதே வருஷம் தங்கையா சாரிடமே ஆய்வுக்குச் சேர்ந்தவள், எல்லாம் தெரிந்தவள். “தாளப் பாத்துப் படிச்சிட்டு எறங்கிரு,” என்றாள் உதடு அசையாமல். “வார்த்தைய மாத்தாத. சினாப்சிஸ்ல அந்தாளு கையெழுத்துப் போட்ட அப்புறம் தெருவுல நின்னுகூட திட்டு, நான் மைக் செட் ஏற்பாடு பண்றேன்.” யாஸ்மின் சொல்வதில் தப்பில்லை, ஆய்வுச் சுருக்கத்தில் நெறியாளர் கையெழுத்து இல்லாமல் பட்டம் இல்லை. தப்பில்லாததுதான் எரிச்சல். போன வாரம் சிவகாசியிலிருந்து புத்தகக் கட்டு வந்து இறங்கியபோது சாரின் அறையில் பெர்சிஸ்தான் கயிற்றை அறுத்தாள். மையின் வாசனை ஆளைத் தூக்கியது. முதல் பிரதியை அவசரமாகப் புரட்டினாள், அட்டையில் இல்லை, உள்தலைப்பில் இல்லை, முன்னுரையின் கடைசிப் பத்தியில் இருந்தது, ‘தட்டச்சில் உதவிய ஆய்வு மாணவி செல்வி பெர்சிஸ் ரத்தினம்’. “சார், என் பேரு.” “இருக்கேம்மா, முன்னுரைல பாரு.” “தட்டச்சுன்னு போட்டிருக்கு சார்.” “டைப் பண்ணது நீதானே?” அது உண்மை. விடுதி அறையில் உட்கார்ந்து ஒவ்வொரு எழுத்தையும் தட்டினது அவள்தான். உண்மையை வைத்தே ஒரு ஆளை இவ்வளவு சுத்தமாக வாயடைக்க முடியுமென்று அன்றைக்குத்தான் கற்றுக்கொண்டாள். “எழுதுனதும் நான்தான் சார்.” சார் கோபப்படவில்லை. மூக்குக்கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். “இங்க பாரும்மா. புத்தகங்கள் நான் குடுத்தது, திட்டம் துறையோடது. உன் பேர்ல வந்தா எந்தக் கல்லூரி பாடத்துல வைப்பான்? என் பேர்ல போனா நாலு பேர் படிப்பான். நீ நெனைக்கிறது நாலு பேர் படிக்கணும்னுதானே?” பிறகு கண்ணாடியை மாட்டிக்கொண்டு, அதே மூச்சில், அதே குரலில், “சினாப்சிஸ் எப்பக் கொண்டு வர்ற? கையெழுத்துப் போடணும்ல.” மிரட்டவில்லை. மிரட்டியிருந்தால் சண்டை போட்டிருக்கலாம். அக்கறையாகக் கேட்டார், சொந்தக்கார மாமா கல்யாணத்துக்குத் தேதி கேட்கிற மாதிரி. அறையை விட்டு வந்து படியிறங்கி வேப்பமரம் வரை போன பிறகுதான் பதில்கள் வந்தன, வரிசையாக, ஒன்றைவிட ஒன்று கூராக. சார், சமையல்காரனுக்கு அரிசி வாங்கிக் கொடுத்தவன் சமைத்தவன் ஆகிவிடுவானா? சார், நாலு பேர் படிக்க வேண்டும் என்பது என் ஆசைதான், அதை உங்களுக்குச் சாதகமாகத் திருப்ப உங்களுக்கு யார் உரிமை கொடுத்தது? சார். சார். ஒரு வாரமாக அவள் அந்த வேப்பமரத்தடியில்தான் நிற்கிறாள். சாப்பிடும்போதும் அங்கேதான், தூங்கும்போதும் அங்கேதான்.

“ஓபரா என்றதும் என் மனைவி கேட்டாள்,” என்றார் மாணிக்கவாசகம், “அது நம்ம ஊர் ஒப்பாரிதானே என்று.” கூடம் சிரித்தது. தங்கையா சார் ரொம்பச் சிரித்தார். சிரித்து முடித்துக் கைக்குட்டையால் கண்ணை ஒற்றிக்கொண்டார். இந்தச் சிலேடையை ஒருத்தன் சொல்லியே தீருவான் என்று தெரிந்துதான் புத்தகத்தின் இரண்டாம் பக்கத்திலேயே அவள் எழுதியிருந்தாள், ஒலி ஒற்றுமையைப் பிடித்துக்கொண்டு ஊஞ்சல் ஆட வேண்டாம், ஒப்பாரியும் ஓபராவும் இரண்டுமே சிரிப்பதற்கு உரியவை அல்ல என்று. இந்த மனிதர் இரண்டாம் பக்கத்தைப் படிக்கவில்லை. ஆசிரியரும் படிக்கவில்லை போலிருக்கிறது, படித்திருந்தால் சிரித்திருக்க மாட்டார். இதை எழுந்து சொன்னால் என்ன? ஐயா, இரண்டாம் பக்கம், மூன்றாவது பத்தி. சொன்னால் யாஸ்மின் முழங்கையால் இடிப்பாள், சார் பெருந்தன்மையாகப் புன்னகைப்பார், ‘எங்க பிள்ளைங்களுக்கு விவாதம்னா உயிர்’ என்பார், அவ்வளவோடு அதுவும் அவருடைய பெருமையாகிவிடும். எதை எடுத்து வீசினாலும் அது அவர் கழுத்தில் மாலையாகப் போய் விழுகிறது. பெர்சிஸ் திரும்பிப் பார்த்தாள். அம்மாவின் விரல் ஒரு வரியின் கீழ் நின்றிருந்தது. முன்னுரை. கடைசிப் பத்தி. அம்மா முகத்தை நிமிர்த்தினாள், பக்கத்தில் உட்கார்ந்திருந்த யாரோ ஒரு பேராசிரியையின் தோளைத் தொட்டாள், புத்தகத்தை அவள் பக்கம் சாய்த்து விரலால் காட்டினாள். வாய் அசைவதிலிருந்து என்ன சொல்கிறாள் என்பது தெரிந்தது. ‘எம் மவ.’ அந்த அம்மாள் குனிந்து பார்த்து மரியாதைக்குத் தலையாட்டினார். அம்மாவுக்கு முகமெல்லாம் சந்தோஷம், உண்மையான சந்தோஷம், தட்டச்சில் உதவியதற்கு. திட்டியிருந்தால் தாங்கியிருக்கலாம். ‘இவ்வளவுதானாட்டி?’ என்று கேட்டிருந்தால்கூடத் தாங்கியிருக்கலாம். சந்தோஷத்தை என்ன செய்வது? இத்தோடு மூடி வைத்துவிடு அம்மா, பேர் கிடைத்துவிட்டது, போதும், மூடிப் பைக்குள் போடு. விரல் பஞ்சுக் கிண்ணத்தைத் தேடியது. தாள் திரும்பியது.

அடுத்தது முதல் அத்தியாயம். அதை எழுதி முடித்த அன்றைக்கு அவள் அம்மாவைப் போனில் கூப்பிட்டுச் சொல்லியிருக்கக் கூடாது. “மொத அத்தியாயம் ஒன்னப் பத்தித்தாம்மா.” “என்னப் பத்தி எழுத என்னட்டி இருக்கு?” என்று அம்மா கேட்டாள், ஆனால் குரலில் ஒரு கூச்சம் இருந்தது, வயசுப்பிள்ளையின் கூச்சம், அதற்காகவே இவ்வளவு தூரம் ரயிலேறி வந்திருக்கிறாள். என்ன இருக்கிறது என்றால், இது இருக்கிறது. அம்மா கோயில் கொயரில் ஆல்ட்டோ. தேவாலயத்தில் ஞானப்பாட்டை நாலு குரலாகப் பிரித்துப் பாடுகிற பாடகர் குழுதான் கொயர். மேலே சோப்ரானோ, அதுதான் ஊருக்குத் தெரிந்த மெட்டு, சபையார் எல்லாரும் பாடுவது, அதற்குக் கீழே ஆல்ட்டோ, அப்புறம் ஆண்களின் இரண்டு குரல்கள். ஆல்ட்டோவைத் தனியாக யாருக்கும் தெரியாது. அம்மா வீட்டில் பாத்திரம் விளக்கும்போதும் துணி அலசும்போதும் தன் குரலைத்தான் பாடிப் பழகுவாள். நாலு சுரத்துக்குள்ளேயே நடக்கிற, எங்கேயும் ஏறாத, யாரையோ கைத்தாங்கலாகக் கூட்டிக்கொண்டு போகிற மாதிரியான அந்த வரியை. சின்ன பெர்சிஸுக்கு அதுதான் பாட்டு. எல்லாப் பாட்டும் அவளுக்கு அப்படித்தான் தெரியும். கோயிலில் பெரியவர்கள் வேறு மாதிரிப் பாடுகிறார்களே என்றால், பெரியவர்களுக்கு நிறையத் தெரியாது என்று அவள் அப்போதே முடிவு கட்டியிருந்தாள். ஞாயிற்றுக்கிழமை ஓய்வுநாள் பள்ளியில் தனியாகப் பாடச் சொன்னபோது எழுந்து நின்று கணீரென்று முழுப் பாட்டையும் ஆல்ட்டோவில் பாடினாள். பிள்ளைகள் உருண்டு சிரித்தார்கள். டீச்சர் சடையைப் பிடித்துத் தலையை நிமிர்த்தி, “மெட்டத் தொலைச்சிட்டியா?” என்று கேட்டார். ரிப்பன் அவிழ்ந்து தோளில் தொங்கியது. அவள் அழவில்லை, வாதாடினாள். இதுதான் சரி, எங்க அம்மா இப்படித்தான் பாடுவா, நீங்க எல்லாரும் தப்பு. வீட்டுக்கு வந்து சொன்னபோது அம்மா சிரிக்கவில்லை. ஈரக்கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு, “நீ பாடுனதும் அந்தப் பாட்டுதாட்டி. கீழ்ப்பக்கத்துப் பாட்டு,” என்றாள். “அது ஏன் யாருக்கும் தெரியல?” “எல்லாரும் மேலயே பாடுனா தூக்கிப் பிடிக்க ஆளு வேணும்லா.” அவ்வளவுதான். அதிலிருந்துதான் அத்தியாயத்தைத் தொடங்கியிருந்தாள். ஓபரா கேட்கிறவர்களே, எல்லாப் புத்தகமும் மெட்டைப் பிடியுங்கள் என்று சொல்லும், அதை விடுங்கள், அது தானாக வரும், நீங்கள் கீழே கேளுங்கள், யாரோ அங்கே தூக்கிப் பிடித்துக்கொண்டிருப்பார்கள். தங்கையா சார் இந்த அத்தியாயத்தில் ஒரு வேலை செய்திருந்தார். ‘நான் சிறுமியாக இருந்தபோது’ என்பதை ‘நான் சிறுவனாக இருந்தபோது’ ஆக்கியிருந்தார். பாவாடையை டவுசர் ஆக்கியிருந்தார். அம்மாவை மட்டும் அப்படியே வைத்துக்கொண்டார். அவரும் நாசரேத்து ஊர்க்காரர், கோயில் குடும்பம், யாரும் சந்தேகப்பட மாட்டார்கள். எழுத்தை எடுத்துக்கொள்வதை ஒரு கணக்கில் புரிந்துகொள்ளலாம், ஊரில் எத்தனை பேர் செய்கிறார்கள். ஒருத்தன் இன்னொருத்தி அம்மாவை எப்படி எடுத்துக்கொள்வான்? அவருக்கும் ஒரு அம்மா இருந்திருப்பாள்தானே, பாடியிருப்பாள், பாடாமல் இருந்திருப்பாள், அவளைப் பற்றி நாலு வரி எழுத வக்கில்லாமலா போய்விட்டது?

“இந்த நூலின் உயிர் எங்கே இருக்கிறது என்று கேட்டால்,” மாணிக்கவாசகம் குரலைத் தாழ்த்தினார், “முதல் அத்தியாயத்தில் இருக்கிறது. நம் பேராசிரியரின் தாயார். படிக்கிறேன், கேளுங்கள்.” வேண்டாம். பெர்சிஸின் கை யாஸ்மினின் கையைப் பிடித்தது, தானாக. அவர் படித்தார். நன்றாகவே படித்தார், அது இன்னொரு அநியாயம். ஈரக்கை, அலசிய துணி, நாலு சுரத்துக்குள் நடக்கிற வரி, எல்லாம் ஒலிபெருக்கியில் ஏறி, கூடத்தின் நாலு மூலைக்கும் போய், கடைசி வரிசைக்கும் போயிற்று. திரும்பிப் பார்க்கக் கூடாது. வீட்டில் சமையலறையில் இரண்டு பேருக்கு மட்டும் தெரிந்த ஒன்றை நடுச்சந்தியில் பிரித்துப் போட்ட மாதிரி இருந்தது. பிரித்துப் போட்டது யார், நீதானே, நீதானே எழுதினாய்? எழுதினேன், என் பெயரில் எழுதினேன், அதற்கும் இதற்கும் வித்தியாசம் இருக்கிறது. அம்மாவுக்கு இருக்குமா வித்தியாசம்? அம்மா இப்போது என்ன நினைப்பாள்? மகள் இதை அவருக்குக் கொடுத்துவிட்டாள் என்றா, விற்றுவிட்டாள் என்றா? “சிறுவனான நான் எழுந்து நின்று பாடினேன்,” என்று படித்துக்கொண்டே போன மாணிக்கவாசகம், “டீச்சர் என் சடையைப் பிடித்து, ரிப்பன் அவிழ்ந்து,” என்பதுவரை வந்து ஒரு கணம் நின்றார். கண்ணாடியைச் சரிசெய்தார். வரியை மறுபடியும் மனசுக்குள் பார்த்த மாதிரி இருந்தது. பிறகு அரசுப் பணியில் எத்தனையோ கோப்புகளைத் தாண்டிய அனுபவத்தோடு அதையும் தாண்டி அடுத்த வரிக்குப் போய்விட்டார். கூடத்தில் யாரும் அசையவில்லை. “சார் சின்னப்புள்ளைல ரெட்டைச்சடை போல,” என்றாள் யாஸ்மின் மூச்சுக்குள், “இவ்ளோ நாள் பூவு வாங்கிக் குடுக்காம விட்டோமே.” பெர்சிஸுக்குச் சிரிப்பு வந்தது. “எல்லாரும் மேலேயே பாடினால் தூக்கிப் பிடிக்க ஆள் வேண்டாமா,” என்று படித்து முடித்தார் அவர், அம்மாவின் வாயிலிருந்த ‘வேணும்லா’வை சார் திருத்தியிருந்தார், அந்த அம்மாளுக்கு நல்ல தமிழ் கொடுத்திருந்தார். “அந்தத் தாய் இன்று நம்மிடையே இல்லை. ஆனால் அந்தக் குரல் இந்த நூலில் இருக்கிறது. அந்தத் தாய்க்கு ஒரு கைத்தட்டல்.” கூடம் தட்டியது. தங்கையா சார் எழுந்து இரண்டு கையையும் குவித்து நாலு பக்கமும் வணங்கினார். கண் கலங்கியிருந்தது. நடிப்பில்லை, நிஜமாகவே கலங்கியிருந்தது. படித்துப் படித்து அவருக்கே அது நடந்த மாதிரி ஆகிவிட்டிருக்கும். ஒரு நல்ல அத்தியாயம் அப்படிச் செய்யும். அதை எழுதினவளுக்கு அதில் ஒரு நொடி, ஒரே ஒரு நொடி, கேவலமான ஒரு பெருமைகூட வந்தது.

அப்போதுதான் திரும்பினாள். கடைசி வரிசையில் எல்லாக் கையும் தட்டிக்கொண்டிருக்க, அம்மாவின் கை புத்தகத்தின்மேல் அப்படியே இருந்தது. புத்தகம் மூடியிருந்தது. அம்மா மேடையைப் பார்க்கவில்லை. பெர்சிஸைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கோபம் இல்லை, அழுகை இல்லை. கவுண்டரில் முகவரி சரியில்லாத ஒரு பார்சலை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்ப்பாளே, அந்தப் பார்வை. இது யாருக்குப் போக வேண்டியது, இங்கே எப்படி வந்தது. பக்கத்து அம்மாள் ஏதோ சொன்னார், அம்மா அதற்கும் தலையாட்டினாள். உயிரோடு, நூற்று எண்பது பேருக்கு நடுவில், நம்மிடையே இல்லாதவளாக உட்கார்ந்திருந்தாள். அம்மாவிடம் போய்க் கேட்டால் என்ன சொல்வாள் என்பது தெரியும். ‘விடுட்டி. பெரியவியகிட்ட என்னத்துக்கு வம்பு? படிப்ப முடிச்சிட்டு வா.’ அப்படித்தான் சொல்வாள், நிச்சயமாகச் சொல்வாள், காலமெல்லாம் கீழே நின்று தூக்கிப் பிடித்தவள் வேறு என்ன சொல்வாள்? ஆனால் சொல்லிவிட்டு ஊருக்குப் போய், பாத்திரம் விளக்கும்போது பாடுவாளா? இந்தக் கேள்வி எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை, வந்து எலும்பில் தட்டி நின்றது. இனி வீட்டில் பாடுவாளா? பாட வாயெடுக்கும்போதெல்லாம் ஒலிபெருக்கியில் கேட்ட அந்த நல்ல தமிழ் அம்மாளின் ஞாபகம் வருமா? மூன்று வருஷம், ஒரு கையெழுத்து. கையெழுத்து இல்லையென்றால் ஆய்வு நின்றுவிடும், நெறியாளரை மாற்றக் கடிதம் கொடுத்தால் அந்தக் கடிதமும் சம்மதம் கேட்டு அவர் மேஜைக்குத்தான் போகும், வேறு யாரும் ஏற்றுக்கொள்ள மாட்டார்கள், ‘அந்தப் பொண்ணு சண்டைக்காரி’ என்று ஒரே வாரத்தில் எல்லாத் துறைக்கும் போய்விடும். ஏற்கெனவே பாதி போய்விட்டது. அப்புறம் பாளையங்கோட்டைக்குப் போய் ஏதாவது பள்ளிக்கூடத்தில். போனால் என்ன? போனால் என்னவென்று அவ்வளவு சுலபமாகக் கேட்டுவிட முடியுமா? விடுதி, மொட்டைமாடி, இடது காது, எல்லாம் எதற்கு? இவளுடைய எல்லா வாதங்களும் வேப்பமரத்தடியில் வரிசையாக நின்றன, ஒன்றுகூட இங்கே வந்து சேரவில்லை. “நிறைவாக,” என்றது மேடையிலிருந்து ஒரு குரல், “நன்றியுரை, ஆய்வு மாணவி செல்வி பெர்சிஸ்.” யாஸ்மின் கையை விடுவித்தாள். “தாளப் பாத்து,” என்றாள் மறுபடியும். பிறகு இவள் முகத்தைப் பார்த்துவிட்டு, மடியிலிருந்த தாளை எடுத்துக் கையில் வைத்தாள்.

ஒலிவாங்கி உயரமாக இருந்தது. சார் தானே எழுந்து வந்து அதைக் கீழே இறக்கிக் கொடுத்தார், அன்பாக, முதுகில் தட்டாத குறையாக. பெர்சிஸ் தாளைப் பிரித்தாள். துணைவேந்தருக்கு நன்றி. பதிவாளருக்கு நன்றி. சிறப்பு விருந்தினரின் செறிவான உரைக்கு நன்றி. நன்றியுரையில் ஒரு வசதி இருக்கிறது என்று அவள் வாய் வாசித்துக்கொண்டிருந்தபோதே மனம் கண்டுபிடித்தது. நன்றி சொல்வதை யாரும் குறுக்கே விழுந்து தடுக்க மாட்டார்கள். குற்றம் சொன்னால் பதில் சொல்லலாம், வாதம் வைத்தால் எதிர்வாதம் வைக்கலாம். நன்றிக்கு எதிர்வாதம் கிடையாது. நூலாசிரியருக்கு நன்றி. அச்சகத்தாருக்கு நன்றி. ஒலிபெருக்கி அமைத்தவருக்கு நன்றி. தாள் முடிந்துவிட்டது, கடைசி ஒரு வரி தவிர. அவள் நிமிர்ந்தாள். “நூலின் முதல் அத்தியாயத்தில் வருகிற அம்மாவுக்கு நன்றி,” என்றாள். சார் புன்னகையோடு தலைகுனிந்தார். “சிறப்பு விருந்தினர் அவரைப் பற்றிச் சொன்னதில் ஒரு சின்னத் திருத்தம். அவர் இருக்கிறார். பாளையங்கோட்டையிலிருந்து காலை வண்டியில் வந்திருக்கிறார். கடைசி வரிசையில், மின்விசிறிக்குக் கீழே. பெயர் பியூலா ரத்தினம். தபால் துறையில் வேலை பார்த்தவர். இன்றைக்கும் கொயரில் ஆல்ட்டோ. அம்மா, கொஞ்சம் எழுந்திரு.” நாற்காலிகள் கிறீச்சிட்டன. எல்லாத் தலையும் பின்னால் திரும்பியது. அம்மா எழுந்திருக்கவில்லை. எழுந்திருக்க மாட்டாளோ? ‘விடுட்டி’ என்று அங்கிருந்தே சொல்லிவிடுவாளோ? அந்த இடைவெளி ரொம்ப நீளமாக இருந்தது, அதற்குள் கையெழுத்தும் மூன்று வருஷமும் ஒரு தடவை போய்த் திரும்பி வந்தன. பிறகு அம்மா கைப்பையை நாற்காலியில் வைத்தாள், முந்தானையை இழுத்துச் செருகினாள், ஆர்கன் முதல் சுரம் கொடுத்ததும் கொயர் எழுந்திருக்குமே, அப்படி முதுகை நேராக்கி எழுந்து நின்றாள். “என் அம்மா,” என்றாள் பெர்சிஸ். “அந்த ரிப்பன் என்னுடையது.”

யாருக்கும் கைதட்டலாமா கூடாதா என்று தெரியவில்லை. மாணிக்கவாசகம் புத்தகத்தைத் திறந்து எதையோ தேடினார். வலப்பக்கம் நாற்காலி நகர்கிற சத்தம், சார் எழுந்துவிட்டார், “ஒரு நிமிஷம்மா,” என்று ஒலிவாங்கியை நோக்கிக் கை நீண்டது. பெர்சிஸ் தாளின் கடைசி வரியைப் படித்தாள், அவர் திருத்திக் கொடுத்தபடியே, ஒரு வார்த்தை மாற்றாமல். “விழா நாட்டுப்பண்ணோடு நிறைவடைகிறது. அனைவரும் எழுந்து நிற்குமாறு வேண்டுகிறேன்.” கூடம் எழுந்தது. முன்வரிசையில் பாடத் தயாராக நின்ற மாணவிகள் வேறு என்ன செய்வதென்று தெரியாமல் தொடங்கினார்கள், மற்றவர்களும் சேர்ந்துகொண்டார்கள். நீண்ட கை மெல்லக் கீழே இறங்கி உடம்போடு ஒட்டிக்கொண்டது. அவள் தோளுக்கு ஒரு அடி தூரத்தில் தங்கையா சார் விறைப்பாக நின்றார், மூச்சு மட்டும் வேகமாகக் கேட்டது. பாட்டு முடியும்வரை அவர் அசைய முடியாது. முடிந்ததும் அசைவார். அதை அப்போது பார்த்துக்கொள்ளலாம். அவள் காது பழைய இடத்துக்குப் போயிற்று, எல்லாருக்கும் தெரிந்த மெட்டுக்கு அடியில், கூடத்தின் கடைசிக்கு. முதல் வரியில் அங்கே ஒன்றும் இல்லை. இரண்டாவது வரியிலும் இல்லை. மூன்றாவதில் வந்தது, கரகரப்போடு, தொடக்கத்தில் கொஞ்சம் தடுமாறி, பிறகு தன் நாலு சுரத்துக்குள் காலூன்றி. தபால் ஆபீஸ் கொடியேற்றத்தில் எல்லாரும் சிரிக்கச் சிரிக்க அம்மா இப்படித்தான் பாடுவாளாம். பக்கத்து அம்மாள் திரும்பிப் பார்த்தார், அதற்கு முந்தின வரிசையில் இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள். அம்மா யாரையும் பார்க்காமல், கண்ணை மேடையிலிருந்து எடுக்காமல், கீழ்ப்பக்கத்துப் பாட்டைப் பாடிக்கொண்டே நின்றாள்.